தறியில் இரண்டாவது ஆள்

பெரணமல்லூர் திருவண்ணாமலை மாவட்டத்தில் ஆரணி, வந்தவாசி, சேத்துப்பட்டு ஆகிய மூன்று ஊர்களுக்கும் நடுவில் இருக்கும் பேரூர். ஊராட்சி ஒன்றியத் தலைமையிடம். 1989 வரை வட ஆர்க்காடு மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. சுற்றிலும் ஏரிப்பாசன நெல்லும் மானாவாரி நிலக்கடலையும் விளைகின்றன. வீட்டுக்குள் தறி ஓடுகிறது. ஆரணிப் பட்டு என்று கடைகளில் விற்கும் சேலையில் ஒரு பங்கு ஆரணி நகரத்தில் நெய்ததல்ல. தேவிகாபுரம், ஒண்ணுபுரம், முள்ளிப்பட்டு, பெரணமல்லூர் என்று சுற்றுவட்டார ஊர்களில் நெய்து ஆரணி முதலாளிகளின் கைக்குப் போய்ச் சேர்ந்தது அது. இந்த வட்டாரத்தில் எந்த வீட்டுப் பிள்ளை எத்தனை ஆண்டு பள்ளிக்குப் போனது என்ற கணக்கு, தறியோடும் நிலத்தோடும் இருநூறு ஆண்டுகளாகப் பிணைந்தே வந்திருக்கிறது.

எழுத்தில் கிடைக்கும் முதல் தகவல் 1822-ஆம் ஆண்டைச் சேர்ந்தது. சென்னை மாகாண ஆளுநர் தாமஸ் மன்றோ அந்த ஆண்டு எல்லா ஜில்லா கலெக்டர்களிடமும் பள்ளிகளின் பட்டியலைக் கேட்டார். 1826-இல் அவர் தொகுத்த குறிப்பின்படி, ஏறத்தாழ 1 கோடியே 28 லட்சம் மக்கள் வாழ்ந்த மாகாணத்தில் 12,498 பள்ளிகளும் சுமார் 1,88,000 மாணவர்களும் இருந்தனர். பெரும்பாலானவை திண்ணைப் பள்ளிகள். வாத்தியாருக்குச் சம்பளம் கொடுத்தது அரசு அல்ல, பெற்றோர். மணலில் விரலால் எழுத்து, பிறகு ஓலை, எண்சுவடி, நெல்லிலக்கம், கொஞ்சம் கணக்கு என்று பாடம் போகும். செட்டியார், வேளாளர், கைக்கோளர் வீட்டுப் பையன்கள் படித்தார்கள். பெண் பிள்ளைகள் மிகக் குறைவு. சேரியிலிருந்து யாரும் அந்தத் திண்ணையில் ஏற முடியாது.

அந்த விசாரணைக்கு வந்த பதில்களில் பல்லாரி கலெக்டர் ஏ. டி. கேம்பெல் 1823-இல் அனுப்பியது தனியே குறிப்பிடத் தக்கது. பிள்ளைகளை ஏன் பள்ளிக்கு அனுப்பவில்லை என்பதற்கு அவர் சொன்ன காரணம் மக்களின் அறியாமை அல்ல. நாடு வறுமைப்பட்டுவிட்டது, இங்கிலாந்துத் துணி இறக்குமதியால் நெசவாளர் பிழைப்புப் போனது, சிறு கை அசையத் தொடங்கியதுமே அந்தக் கையின் உழைப்பு வீட்டுக்குத் தேவைப்படுகிறது என்று அவர் எழுதினார். கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஒருவரே கம்பெனியின் வணிகத்தைக் காரணம் காட்டிய அந்த அறிக்கை, நெசவு ஊர்களின் கல்வி வரலாற்றுக்கு இன்றும் நல்ல முன்னுரை. ஆரணியும் அப்போது பருத்தி ஊர்தான். மெல்லிய மஸ்லின் துணிக்குப் பெயர் பெற்றிருந்தது. பட்டு இந்த வட்டாரத்தின் முதன்மைத் தொழிலானது பின்னாளில்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் மிஷன்கள் வந்தன. ஸ்கடர் சகோதரர்கள் 1853-இல் அமைத்த அமெரிக்க ஆர்க்காடு மிஷன் ஆரணியிலும் நிலையம் வைத்தது. தெற்கே சேத்துப்பட்டில் பாரிஸ் மிஷன் சபையைச் சேர்ந்த தாராஸ் பாதிரியார் 1876-78 தாது வருஷப் பஞ்சத்தின்போது கஞ்சி ஊற்றியும் வேலை கொடுத்தும் பெரிய சபை ஒன்றைக் கட்டினார். இந்த வட்டாரத்தில் சேரிப் பிள்ளைகளுக்கு முதன்முதலில் எழுத்து சொல்லித் தந்தவை பெரும்பாலும் மிஷன் பள்ளிக்கூடங்களே. அரசு அந்தப் பக்கம் திரும்பியது தாமதமாகத்தான். 1919-20 வாக்கில் லேபர் கமிஷனர் பதவி ஏற்பட்ட பிறகு தாழ்த்தப்பட்டோருக்கெனத் தனிப் பள்ளிகள் திறக்கப்பட்டன. ஊரார் வாயில் அவை ‘லேபர் ஸ்கூல்’. பின்னாளைய ஆதிதிராவிடர் நலப் பள்ளிகளின் மூதாதை அவைதான். பொதுப் பள்ளியில் சேரிப் பிள்ளையைச் சேர்த்தால் மற்ற பிள்ளைகளை நிறுத்திக்கொள்வோம் என்று ஊர் மிரட்டிய காலத்தில், தனிப் பள்ளி ஒரு வழியாகவும் ஒரு வேலியாகவும் இருந்தது. பிள்ளை படித்தது, ஆனால் ஊர்ப்பிள்ளைகளிடமிருந்து தள்ளி உட்கார்ந்து படித்தது.

1920-இன் சென்னைத் தொடக்கக் கல்விச் சட்டம், விரும்பும் உள்ளாட்சிப் பகுதிகளில் கட்டாயக் கல்வியைக் கொண்டுவர இடம் கொடுத்தது. ‘விரும்பும்’ என்ற அந்த ஒரு சொல் போதுமானதாக இருந்தது. ஜில்லா போர்டிடம் கட்டிடத்துக்கும் ஆசிரியருக்கும் பணம் இல்லாத ஊர்களில் கட்டாயம் என்பது காகிதத்தோடு நின்றது.

பள்ளிக்கூடம் திறந்திருந்தாலும் பிள்ளை ஏன் போகவில்லை என்பதைப் புரிந்துகொள்ள பட்டுத் தறியைப் பார்க்க வேண்டும்.

பழைய குழித்தறியில் நெசவாளர் தரையில் வெட்டிய பள்ளத்துக்குள் காலைத் தொங்கவிட்டு, மிதியை மிதித்தபடி உட்கார்ந்திருப்பார். எதிரே நீளவாக்கு இழைகளான பாவு நீண்டு கிடக்கும். சேலையின் உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம் என்றால் குறுக்கிழையான ஊடையைக் கொண்டுபோகும் நாடா ஒன்றையே இந்த முனையிலிருந்து அந்த முனைவரை வீசிவிட முடியாது. உடலுக்கு ஒரு நாடா, இரு கரைகளுக்கும் தனித்தனி நாடா என்று மூன்று ஓட வேண்டும். உடல் ஊடையும் கரை ஊடையும் சந்திக்கும் இடத்தில் இரண்டையும் பிணைத்து நெய்வதுதான் கோர்வை. கோர்வைச் சேலையைச் சேர்ந்தாற்போல் ஓட்ட ஒரு ஆளின் இரண்டு கை போதாது. நெசவாளருக்குப் பக்கத்தில், ஒரு கரையை ஒட்டி, இன்னொருவர் உட்கார்ந்து அந்தப் பக்கத்து நாடாவை வாங்கித் திருப்பிவிட வேண்டும். பெரும்பாலும் அந்த இன்னொருவர் எட்டிலிருந்து பதினான்கு வயதுக்குள் இருக்கும் பிள்ளை. கால் எட்டாது, அதனால் மிதி அவருக்கு இல்லை. கை மட்டும் ஓயாது.

இதைத் தவிர நாடாவுக்கு ஊடை நூலைத் தார் சுற்றுவது, அறுந்த இழையை முடிவது, புதுப் பாவை முந்தைய பாவின் முனையோடு இழை இழையாகப் பிணைப்பது, விடியற்காலையில் தெருவில் பாவை நீட்டிக் கஞ்சி போட்டுக் கோலோடு தூக்கிப் பிடிப்பது எல்லாம் உண்டு. பாவு ஓடுகிற காலை நேரமும் பள்ளி மணி அடிக்கிற நேரமும் பல தெருக்களில் ஒன்றோடொன்று மோதின. மழை பிடித்துவிட்டால் குழியில் ஈரம் ஏறும், பாவு காயாது, தெருவில் நீட்டவும் முடியாது. ஐப்பசி கார்த்திகையில் வேலை படுத்துவிடும். அந்த மாதங்களில் பிள்ளை பள்ளிக்குப் போகலாம். ஆனால் கூலியில்லாத அந்த மாதங்களில்தான் வீட்டில் கடனும் ஏறும்.

கூலி பேசப்பட்டது சேலைக்கு. ஒரு சேலைக்கு இவ்வளவு என்று நெசவாளர் கையில் கொடுத்தால் அதற்குள் அவர் கூலி, மனைவி சுற்றிய தார், பக்கத்தில் உட்கார்ந்த பிள்ளையின் கை மூன்றும் அடக்கம். பிள்ளைக்கென்று தனிக் கணக்கு கிடையாது. சொந்தப் பிள்ளை இல்லாதவர் அடுத்த வீட்டுப் பிள்ளையைச் சிறு சம்பளத்துக்கு அமர்த்திக்கொள்வார். அந்தப் பிள்ளையின் வீட்டுக்கு முன்பணம் போயிருக்கும். முன்பணம் அடையும்வரை பிள்ளை தறியை விட்டு எழ முடியாது. நெசவாளரும் அதே நிலையில்தான் இருந்தார். பட்டு நூல் பெங்களூர்ப் பக்கமிருந்தும் சரிகை சூரத்திலிருந்தும் முதலாளி வாங்கிக் கொடுப்பது. அவரிடம் வாங்கிய முன்பணம் இருக்கும்வரை வேறு முதலாளிக்கு நெய்ய முடியாது. கடன் மேலிருந்து கீழே இறங்கி, கடைசியில் தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த சின்னப் பிள்ளையின் மேல் வந்து நின்றது.

தறியில் பிள்ளைக்கு வேலை கொடுத்தது இந்த ஊர் மட்டுமல்ல. பிரான்சின் லியோன் நகரத்தில் பட்டுத் தறிகளில் பூ வேலைக்குக் கயிறு இழுத்துத் தந்தவர்கள் சிறுவர்கள். 1804 வாக்கில் ஜாக்கார்டு என்பவர் துளையிட்ட அட்டைகளால் இயங்கும் பெட்டியை அமைத்ததும் அந்தக் கயிறு இழுக்கும் வேலை மெல்ல மறைந்தது. தமிழ்நாட்டுப் பட்டுத் தறியிலும் ‘அடை’ என்ற கயிற்றுக் கட்டை இழுத்து கரைப் பூவை எழுப்பப் பிள்ளை தேவைப்பட்ட காலம் உண்டு. இங்கே ஜாக்கார்டு பெட்டி வந்தது இருபதாம் நூற்றாண்டில். பெட்டி அடையை ஒழித்தது. கோர்வைக்கு உட்கார்ந்த பிள்ளையை அது எழுப்பவில்லை. இயந்திரம் வந்தால் குழந்தை உழைப்பு தானே போய்விடும் என்ற நம்பிக்கை பாதிதான் பலித்தது.

சட்டத்தின் கதையும் இதே போன்றது. விட்லி தலைமையிலான அரச தொழிலாளர் ஆணையம் 1931-இல் கொடுத்த அறிக்கையில், அமிர்தசரஸ் கம்பளக் கூடங்களிலும் சென்னை பீடிக் கடைகளிலும் பிள்ளைகளின் உழைப்பை முன்பணத்துக்கு அடகு வைப்பதைப் பற்றி எழுதியது. அதன் விளைவாக 1933-இல் குழந்தைகளின் உழைப்பை அடகு வைப்பதைத் தடுக்கும் சட்டம் வந்தது. அடகு ஒப்பந்தம் செல்லாது. பெற்றோருக்கு 50 ரூபாய் வரையும் வேலை வாங்குபவருக்கு 200 ரூபாய் வரையும் அபராதம். 1938-இன் குழந்தைகள் வேலைச் சட்டத்தின் பட்டியலில் துணி நெசவும் இடம்பெற்றது. ஆனால் கூலியாள் வைக்காமல் குடும்பத்தாரின் துணையோடு மட்டும் வேலை நடக்கும் இடத்துக்கு அந்தத் தடை பொருந்தாது என்ற விலக்கும் அதிலேயே இருந்தது. பட்டு நெசவு முழுக்க வீட்டுக்குள் நடப்பது. ஒரே வரியில் தடையும் வந்தது, தடைக்கு வெளியே போகும் வாசலும் திறந்தது. 1986-இன் குழந்தைத் தொழிலாளர் சட்டம் அந்த வாசலை அப்படியே வைத்துக்கொண்டது. 2016 திருத்தம் 14 வயதுக்குக் கீழ் எல்லா வேலையையும் தடுத்துவிட்டு, பள்ளி நேரம் போக மீதியிலும் விடுமுறையிலும் குடும்பத் தொழிலில் உதவலாம் என்றது. எண்பது ஆண்டுகளில் மூன்று சட்டங்கள் கடந்தும், தகப்பன் தறிக்குப் பக்கத்தில் உட்காரும் பிள்ளையைத் தொழிலாளி என்று அழைக்கச் சட்டம் தயங்கியே வந்திருக்கிறது.

இந்தப் பின்னணியில் 1953-ஐப் பார்க்க வேண்டும். முதல்வர் ராஜாஜி அந்த ஆண்டு கிராமப்புறத் தொடக்கப் பள்ளிகளுக்கு ஒரு மாற்றுத் திட்டத்தைக் கொண்டுவந்தார். பள்ளி நேரம் நாளுக்கு மூன்று மணி. பிள்ளைகள் இரண்டு அணியாக வருவார்கள். மீதி நேரத்தில் தகப்பனின் தொழிலையோ ஊரில் உள்ள கைத்தொழிலையோ கற்பார்கள். அதே கட்டிடத்தில், அதே ஆசிரியரை வைத்து இரட்டிப்புப் பிள்ளைகளைச் சேர்க்கலாம் என்பது அரசின் கணக்கு. எதிர்த்தவர்கள் அதைக் குலக்கல்வி என்றார்கள், பெயர் நிலைத்துவிட்டது. பெரியாரின் திராவிடர் கழகமும் தி.மு.க.வும் தெருவில் இறங்கின. நெசவுத் தெருவுக்கு இந்தத் திட்டத்தில் புதிதாக ஒன்றும் இல்லை என்பதுதான் வேடிக்கை. பாதி நாள் தறி, பாதி நாள் பள்ளி என்பது அங்கே ஏற்கெனவே நடந்துகொண்டிருந்தது. வறுமையால் நடந்ததைக் கல்விக் கொள்கையாக எழுதியதுதான் புதுசு. இங்கிலாந்தின் லங்காஷயர் பருத்தி ஆலைகளில் 1844 சட்டப்படி நிலைபெற்ற அரைநாள் மாணவர் முறையை அந்த நாடு 1918 கல்விச் சட்டத்தால் ஒழித்து முப்பத்தைந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. இங்கே காமராஜர் முதல்வரானதும் 1954 மே மாதத்தில் திட்டம் கைவிடப்பட்டது.

அதற்குப் பிறகு வந்த இருபது ஆண்டுகள் வேறு. ஒரு மைல் தூரத்துக்குள் ஒரு பள்ளி என்ற இலக்கு, 1956 முதல் பரவிய மதிய உணவு, இலவசக் கல்வி, சீருடை எல்லாம் சேர்ந்து முதல் வகுப்பில் பெயர் கொடுப்பவர் எண்ணிக்கையைக் கூட்டின. 1958 சட்டத்தின்படி ஊராட்சி ஒன்றியங்கள் அமைந்தபோது ஜில்லா போர்டுப் பள்ளிகள் ஒன்றியப் பள்ளிகளாயின. பெரணமல்லூரைச் சுற்றியுள்ள ஊர்களில் இன்றும் தொடக்கப் பள்ளிப் பலகையில் ‘ஊராட்சி ஒன்றிய’ என்று இருப்பது அந்தக் காலத்தின் மிச்சம். எம்.ஜி.ஆர். 1982 ஜூலை 1-இல் தொடங்கிய சத்துணவுத் திட்டம் முதலில் சிறு பிள்ளைகளுக்குத்தான். 1984-இல்தான் 10 முதல் 15 வயதுவரை நீண்டது. நெசவு ஊருக்கு இந்த இரண்டாவது படி முக்கியம். தறிக்குப் பயன்படும் வயது எட்டுக்கு மேல். பள்ளியை விட்டு நின்றவர்கள் நான்காம், ஐந்தாம் வகுப்பைத் தாண்டும்போது நின்றார்கள். ஒரு வேளைச் சோறு பிள்ளையைப் பள்ளிக்கு இழுத்தது உண்மை. தறியில் அந்தப் பிள்ளையின் கை கொண்டுவந்த கூலிக்கு அந்தச் சோறு ஈடாகவில்லை என்பதும் உண்மை.

ஏனென்றால் அதே 1970, 80-களில் பட்டுத் தொழில் விரிந்தது. கல்யாணத்துக்குப் பட்டுச் சேலை என்ற வழக்கம் நடுத்தர வீடுகளில் வேரூன்றியது. காஞ்சிபுரச் சேலையைவிட எடை குறைந்த ஆரணிச் சேலை அந்தச் சந்தைக்குப் பொருந்தியது. தறிகள் நகரத்திலிருந்து கிராமங்களுக்குப் பரவின. சௌராஷ்டிரரும் செங்குந்தரும் நெய்த தொழிலை இப்போது உழவுக் குடும்பங்களும் எடுத்தன. கிணறு வற்றிய கரம்பில் உழுவதைவிடத் தறி மேல் என்று பட்டது. பொருளியல் ஆய்வாளர் பார்பரா ஹாரிஸ்-ஒயிட் ஆரணி நகரத்தையும் சுற்றுக் கிராமங்களையும் 1970-களிலிருந்து நாற்பது ஆண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்ததால், தமிழ்நாட்டின் சிறு நகரங்களில் இந்த வட்டாரத்தைப் பற்றித்தான் அதிகம் எழுதப்பட்டிருக்கிறது என்று சொல்லலாம். விரிவுக்கேற்பத் துணைக் கைகளும் தேவைப்பட்டன. 1976-இன் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் முன்பணக் கட்டைச் சட்டவிரோதமாக்கியிருந்தது. இருந்தும் உச்ச நீதிமன்றம் அமைத்த குழு 1995-இல் தமிழ்நாட்டில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கொத்தடிமைத் தொழிலாளர் இருப்பதாக மதிப்பிட்டது; பட்டுத் தறிகளும் அந்தப் பேச்சில் வந்தன.

நிலத்தில் பாடுபட்ட சேரி வீடுகளின் நிலை இதைவிடக் கடினம். தறி போட வீடும் முன்பணம் தரும் முதலாளியும் வேண்டும். இரண்டும் அவர்களுக்கு எளிதில் வாய்க்கவில்லை. படியாள் வீட்டுப் பையன் மாடு மேய்க்கப் போனான். அறுவடைக் காலத்திலும் கடலை பிடுங்கும் காலத்திலும் பள்ளியில் வருகைப் பதிவு சரிந்தது. நெசவுத் தெருவில் பிள்ளை ஐந்தாம் வகுப்பில் நின்றது என்றால், அங்கே பல பிள்ளைகள் அதற்கு முன்பே நின்றன.

1996 டிசம்பர் 10-இல் எம்.சி. மேத்தா வழக்கில் உச்ச நீதிமன்றம், ஆபத்தான தொழிலில் பிள்ளையை வைத்த முதலாளி ஒரு பிள்ளைக்கு 20,000 ரூபாய் கட்ட வேண்டும், அரசு 5,000 ரூபாய் சேர்க்க வேண்டும், நாடு முழுக்கக் கணக்கெடுக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது. வழக்கு சிவகாசியின் தீப்பெட்டி, பட்டாசுத் தொழிலைப் பற்றியது. அதிர்வு பட்டுத் தறிவரை வந்தது. தேசியக் குழந்தைத் தொழிலாளர் திட்டத்தின் சிறப்புப் பள்ளிகள், தறியிலிருந்து எழுந்த பிள்ளைகளை இரண்டு மூன்று ஆண்டில் வயதுக்கேற்ற வகுப்புக்குத் தயார் செய்தன. மாத உதவித்தொகை நூறு ரூபாயில் தொடங்கியது. வீட்டின் கூலி இழப்புக்கு அது ஒரு மூலைக்கும் காணாது. ஆய்வாளர் வருகிறார் என்று தெரிந்தால் பிள்ளை பின்கட்டு வழியாகப் போய்விடும் என்பதும், கேட்டால் ‘சொந்தக்காரப் பையன்’ என்பதும் தறி ஊர்கள் எல்லாவற்றிலும் தெரிந்த பதில்கள். அந்தச் சிறப்புப் பள்ளித் திட்டம் 2021-இல் ஒன்றிய அரசின் பள்ளிக் கல்வித் திட்டமான சமக்ர சிக்ஷாவோடு இணைக்கப்பட்டது.

2000-க்குப் பிறகு தறிப் பக்கத்துப் பிள்ளை அரிதானதற்குச் சட்டம் ஒரு காரணம், அவ்வளவுதான். பிறப்பு விகிதம் குறைந்து வீட்டுக்கு ஓரிரு பிள்ளை என்றானது. பத்தாம் வகுப்பு தேறியவருக்குச் சிறு வேலையாவது உண்டு என்பது கண்கூடானது. செய்யாறு சிப்காட்டின் காலணித் தொழிற்சாலைகள் சுற்றுக் கிராமங்களிலிருந்து பெண்களை வண்டி வைத்து அழைத்துப்போயின. பட்டு நூல் விலை ஏறி, விசைத்தறிச் சேலை போட்டிக்கு வந்து, நெசவே ஆதாயமில்லாத தொழிலாகிவிட்டது. 2019-20 கைத்தறிக் கணக்கெடுப்பின்படி இந்திய நெசவாளர் குடும்பங்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு மாதம் 5,000 ரூபாய்க்கும் குறைவாகச் சம்பாதித்தன. பிள்ளையை இந்தத் தொழிலுக்கு விடாதே என்று தகப்பன்மார் சொல்லத் தொடங்கினார்கள். கோர்வைக்குப் பக்கத்தில் இப்போது மனைவி உட்காருகிறார். அல்லது கோர்வையே இல்லாத சேலையை நெய்கிறார்கள். இரண்டாவது ஆளின் கூலி இன்றும் சேலைக் கூலிக்குள்ளேயே அடங்குகிறது.

பள்ளிக்குப் போவது பொதுவானதும் ஏற்றத்தாழ்வு பள்ளிகளுக்கு நடுவே இடம் மாறியது. மெட்ரிகுலேஷன் பள்ளிகள் ஒரு காலத்தில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் கீழிருந்த சில பள்ளிகள். 1970-களின் பிற்பகுதியில் மாநில அரசின் கீழ் வந்த பிறகு சிறு நகரங்களுக்கும் பெருகின. ஆரணியிலும் வந்தவாசியிலும் மஞ்சள் வண்டிகள் கிராமச் சந்துக்குள் வரத் தொடங்கியபோது, கையில் கொஞ்சம் காசு இருந்த வீடுகள் பிள்ளையை அதில் ஏற்றின. ஒன்றியப் பள்ளியில் மிஞ்சியவர்கள் பெரும்பாலும் கூலி வீட்டுப் பிள்ளைகள். மாநிலப் பாடத்திட்டம், மெட்ரிக், ஆங்கிலோ இந்தியன், ஓரியண்டல் என்ற நான்கு பாடத்திட்டங்களை ஒன்றாக்கும் சமச்சீர் கல்வி 2010-இல் தொடங்கி, வழக்குகளைக் கடந்து 2011 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் நிலைபெற்றது. பாடநூல் ஒன்றானது, ஆசிரியர் எண்ணிக்கையும் ஆய்வகமும் கட்டணமும் ஒன்றாகவில்லை. 2009 கல்வி உரிமைச் சட்டத்தின் 25 விழுக்காட்டு ஒதுக்கீடு ஏழை வீட்டுப் பிள்ளையைத் தனியார் பள்ளிக்கு அனுப்ப வழி செய்தது. அதுவே அரசுப் பள்ளியிலிருந்து பிள்ளைகளை வெளியே எடுத்தது என்ற குறையும் உண்டு, அந்தக் குறையில் நியாயமும் உண்டு.

2011 கணக்கெடுப்பில் திருவண்ணாமலை மாவட்ட எழுத்தறிவு 74 விழுக்காடு. மாநில அளவு 80. கல்லூரி வாசலில் இடைவெளி இன்னும் அகலம். பொறியியல் நுழைவுத் தேர்வு 2007-இல் நீங்கியதால் கிராமத்துப் பிள்ளைகளுக்குக் கிடைத்த இடம் பெரிது. மருத்துவத்துக்கு 2017 முதல் நீட் நுழைவுத் தேர்வு வந்தபோது பயிற்சி மையத்துக்குப் பணம் கட்ட முடிந்தவர் முன்னே போனார்கள். அரசுப் பள்ளி மாணவருக்கு 7.5 விழுக்காடு உள் ஒதுக்கீட்டை 2020-இல் சட்டமாக்கித் தமிழ்நாடு ஓரளவு ஈடு செய்தது. 2022 செப்டம்பரில் தொடங்கிய காலை உணவுத் திட்டம் 2023 ஆகஸ்ட் 25 முதல் எல்லா அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கும் வந்தது. ஒன்றியப் பள்ளிகளில் ஒன்று முதல் ஐந்தாம் வகுப்புவரை படிக்கும் பிள்ளைகளுக்கு இப்போது காலையும் மதியமும் பள்ளியில் சாப்பாடு. ஆறாம் வகுப்பிலிருந்து மதிய உணவு மட்டும்.